நபேந்து கோஷ்: திரைக்கதை எழுத்தாளரைப் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பழைய இந்திப் படங்களை இப்போது பார்க்கத் தொடங்கியவர்கள் 'சுஜாதா', 'பந்தினி', 'தேவதாஸ்' என்று போனால், டைட்டிலில் திரும்பத் திரும்ப ஒரே பெயரைப் பார்ப்பார்கள். பிறகு ஒரே மாதிரியான சந்தேகங்கள் வரும். கேட்டவர்களின் வார்த்தைகளிலேயே அவற்றை இங்கே தொகுத்திருக்கிறோம். படங்களின் முடிவுகளும் பேசப்படுவதால், பார்க்காதவர்கள் 'பந்தினி', 'தீஸ்ரி கசம்' பற்றிய கேள்விகளைத் தள்ளி வைத்துவிட்டுப் பிறகு வரலாம்.

யாருங்க இந்த நபேந்து கோஷ்?

வங்காள நாவலாசிரியர், சிறுகதை எழுத்தாளர், இந்திப் படங்களின் திரைக்கதையாசிரியர். 1917 மார்ச் 27 அன்று டாக்காவில் பிறந்து, பாட்னாவில் வளர்ந்தார். 2007 டிசம்பர் 15 அன்று கொல்கத்தாவில் காலமானார். இளமையில் மேடை நடிகராகவும் நடனக்காரராகவும் இருந்தார்.

'வெள்ளையனே வெளியேறு' போராட்டத்தைப் பின்னணியாக வைத்து அவர் எழுதிய 'டாக் தியே ஜாய்' நாவலால் 1944இல் அரசு வேலை போயிற்று, பெயர் வந்தது. அடுத்த ஆண்டு கல்கத்தாவுக்குக் குடிபெயர்ந்தார். 1946 கல்கத்தா கலவரத்தை வைத்தும் நாவல் எழுதியிருக்கிறார். சினிமாவுக்கு வரும்போதே அவர் வங்காள வாசகர்களிடம் அறிமுகமான எழுத்தாளர்.

வங்காளி எழுத்தாளர்னா படமெல்லாம் ஏன் இந்தியில இருக்கு?

தேசப் பிரிவினைதான் முக்கியக் காரணம். 1947க்கு முன் வங்காளப் புத்தகத்துக்கும் வங்காளப் படத்துக்கும் கிழக்கு வங்காளம் பெரிய சந்தை. எல்லைக்கோடு விழுந்ததும் அது கைவிட்டுப் போனது. கல்கத்தாவின் பெரிய ஸ்டுடியோவான நியூ தியேட்டர்ஸும் தளர்ந்துவிட்டது. எழுதிப் பிழைப்பவருக்கு இரண்டு பக்கமும் அடைபட்ட நிலை.

அந்த நேரத்தில் பாம்பே டாக்கீஸுக்காக 'மா' (1952) படத்தை இயக்க பிமல் ராய் பம்பாய்க்குப் போனார். அவரோடு போன குழுவில் எடிட்டர் ரிஷிகேஷ் முகர்ஜி, வசனகர்த்தா பால் மகேந்திரா, நகைச்சுவை நடிகர் அசித் சென் ஆகியோருடன் நபேந்துவும் இருந்தார். ஆண்டு 1951. பாட்னாவில் வளர்ந்ததால் இந்தி அவருக்குப் புதிதில்லை. ஆனாலும் கதை, நாவல் என்று தன் சொந்த எழுத்தைக் கடைசிவரை வங்காளத்தில்தான் எழுதினார்.

கதை வேற ஒருத்தர், வசனம் வேற ஒருத்தர். அப்போ இவர் என்னதான் எழுதினார்?

அதிகம் கேட்கப்படும் கேள்வி இதுதான். 'கதை வசனம்' என்று ஒரே பெயர் வருவதும் வசனத்துக்காகவே படம் ஓடுவதும் நமக்குப் பழக்கம். 'பராசக்தி' (1952) வசனத்தை மனப்பாடமாகச் சொல்லும் ஊரில் இந்தக் கேள்வி வராவிட்டால்தான் ஆச்சரியம்.

பம்பாயில் அன்றைக்கு வேலை மூன்றாகப் பிரிந்திருந்தது. கதை என்பது மூல நாவலோ சிறுகதையோ. வசனம் என்பது பாத்திரங்கள் பேசும் வரிகள். அதை இந்தி, உருது எழுத்தாளர்கள் எழுதினார்கள். இரண்டுக்கும் நடுவில் இருப்பது திரைக்கதை. எந்தக் காட்சியில் தொடங்குவது, எதை முன்னால் சொல்வது, எதை மறைத்து வைப்பது, யார் கண் வழியாகப் பார்ப்பது, எந்த இடத்தில் பேச்சே வேண்டாம், எங்கே பாட்டு, எங்கே இடைவேளை என்பதையெல்லாம் தீர்மானிக்கும் வேலை அது. நம் ஊர் சினிமாக்காரர்கள் ஒன்லைன், சீன் ஆர்டர் என்று சொல்வதும் இதன் பகுதிதான்.

'தேவதாஸ்' படத்தில் கதை சரத்சந்திரர், திரைக்கதை நபேந்து, வசனம் ராஜிந்தர் சிங் பேடி. 'சுஜாதா'வில் கதை சுபோத் கோஷ், வசனம் பால் மகேந்திரா. 'பந்தினி'யில் கதை ஜராசந்தர், வசனம் மறுபடியும் பால் மகேந்திரா. 'யஹூதி'யில் (1958) மூலம் ஆகா ஹஷ்ர் காஷ்மீரியின் உருது நாடகம், வசனம் வஜாஹத் மிர்ஸா. நான்கிலும் நடுவில் இருப்பவர் நபேந்து. மேற்கோள் காட்ட அவருடைய வரி ஒன்றுகூடக் கிடைக்காது. படத்தின் வரிசையில்தான் அவரைத் தேட வேண்டும்.

நாங்க பார்த்த நாகேஸ்வர ராவ், சாவித்திரி 'தேவதாஸ்' இவர் எழுதினதா?

இல்லை. அது வேதாந்தம் ராகவையா இயக்கி, தமிழிலும் தெலுங்கிலும் 1953இல் வந்தது. பிமல் ராயின் இந்திப் படம் 1955. இரண்டுக்கும் மூலம் ஒன்றே: 1917இல் வெளியான சரத்சந்திரரின் நாவல். 1935இல் பருவா இயக்கிய இந்தி 'தேவதாஸ்' படத்துக்கு ஒளிப்பதிவு செய்தவர் பிமல் ராய். இருபது ஆண்டு கழித்து அதே கதையை அவரே இயக்கினார். ஆக, நபேந்துவிடம் அந்த நாவல் வந்து சேர்ந்தபோது அது ஏற்கெனவே எல்லோருக்கும் தெரிந்த கதை. முடிவு தெரிந்த கதைக்குத் திரைக்கதை எழுதுவது தனிச் சிரமம்.

நாவலை அப்படியே எடுத்தா போதாதா? 'தேவதாஸ்'ல அவர் புதுசா என்ன சேர்த்தார்?

ஒரே ஓர் உதாரணம் போதும். நாவலில் பார்வதியும் சந்திரமுகியும் சந்திப்பதே இல்லை. படத்தில் ஒருமுறை எதிரெதிராக வருகிறார்கள். பார்வதி பல்லக்கில், சந்திரமுகி நடந்து. ஒருவரையொருவர் பார்க்கிறார்கள், கடந்து போகிறார்கள். பேச்சு கிடையாது, பின்னணி இசை மட்டும். இவள் யாரென்று அவளுக்குத் தெரியாது, அவள் யாரென்று இவளுக்கும் தெரியாது. தெரிந்தவர்கள் நாம் மட்டும்தான்.

இந்தக் காட்சிக்கு ஒரு வரி வசனம் எழுதியிருந்தாலும் கெட்டிருக்கும். இரண்டு பெண்களையும் உட்கார வைத்து அழவிட்டிருந்தால் கதையே வேறாகியிருக்கும். 2002இல் வந்த படத்தில் இருவரும் சேர்ந்து நடனமே ஆடினார்கள். அது வேறு ருசி. ஆனால் இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்தால் திரைக்கதை என்பது எதைக் குறிக்கிறது என்று விளங்கிவிடும். சந்திரமுகியாக நடித்த வைஜயந்திமாலாவுக்குச் சிறந்த துணை நடிகை ஃபிலிம்ஃபேர் விருது கொடுத்தபோது, தன் பாத்திரம் பார்வதிக்கு இணையானது, துணைப் பாத்திரம் அல்ல என்று அவர் வாங்க மறுத்தார். அந்தப் பல்லக்குக் காட்சியைப் பார்த்தவர்களுக்கு அவர் பக்க நியாயம் புரியும்.

அந்தக் காலத்துப் படம் ஏன் இரண்டரை மணி நேரம்? எழுதும்போது கணக்கு வச்சுக்குவாங்களா?

வைத்தே ஆக வேண்டும். 35 மி.மீ. ஃபிலிம் நிமிடத்துக்கு 90 அடி ஓடும். ஆயிரம் அடி ரீல் ஒன்று சுமார் 11 நிமிடம். 14,000 அடிப் படம் என்றால் 155 நிமிடம். இந்தப் பக்கத்தில் பேசப்படும் பெரிய படங்கள் பெரும்பாலும் அந்த அளவை ஒட்டியே இருக்கும்.

அதில் பாட்டைக் கழியுங்கள். பாட்டு 78 சுற்று இசைத்தட்டின் ஒரு பக்கத்தில் அடங்க வேண்டும் என்பதால் ஒன்று மூன்று, மூன்றரை நிமிடம். எட்டுப் பாட்டுக்குச் சுமார் 25 நிமிடம் போனால், கதைக்கு மிஞ்சுவது 130 நிமிடம். நாவலாசிரியராக இருந்து வருபவர்கள் இந்த இடத்தில்தான் தடுமாறுவார்கள். நாவலில் நான்கு பக்க மனஓட்டம் நன்றாக இருக்கும். திரையில் அதற்கு ஒரு பார்வையோ ஒரு பொருளோ கண்டுபிடிக்க வேண்டும், இல்லையென்றால் தூக்கிப் போட வேண்டும்.

பாட்டு எங்க வரணும்னு இசையமைப்பாளர்தானே முடிவு பண்ணுவார்?

சூழல் திரைக்கதையிலிருந்து வரும். பிறகு அதன்மேல் சண்டை நடக்கும். 'பந்தினி'யில் குல்சார் எழுதிய 'மோரா கோரா அங்' பாட்டைப் பற்றி அவரே பலமுறை சொல்லியிருக்கிறார்: கதாநாயகி கல்யாணி மாதிரியான பெண் பாடுவதற்காக வீட்டை விட்டு வெளியே போவாளா என்பது பிமல் ராயின் தயக்கம், வெளியே விடாவிட்டால் மெட்டுக்கு மூச்சு முட்டும் என்பது இசையமைப்பாளர் எஸ்.டி. பர்மனின் வாதம். கேட்டால் இசைத் தகராறு மாதிரி இருக்கும், ஆனால் பேச்சு முழுக்க ஒரு பாத்திரம் எந்த வாசற்படியைத் தாண்டும் என்பதைப் பற்றியது.

'சுஜாதா' கதை எழுதின சுபோத் கோஷ் இவரோட அண்ணனா?

உறவு எதுவும் இல்லை. கோஷ் வங்காளத்தில் மிகப் பரவலான குடும்பப் பெயர். சுபோத் கோஷ் தனிப் பெரிய சிறுகதை எழுத்தாளர்.

'சுஜாதா'வில் (1959) கவனிக்க வேண்டியது ஒரு சொல்லின் பயணம். தீண்டப்படாதவர்கள் என்று ஒதுக்கப்பட்ட சாதியில் பிறந்து, பெற்றோரை இழந்த குழந்தையை ஒரு பிராமண எஞ்சினியர் குடும்பம் வளர்க்கிறது. வளர்ப்புத் தாய் சாரு அவளை மற்றவர்களுக்கு அறிமுகப்படுத்தும்போதெல்லாம் 'மகள்' என்று சொல்வதில்லை; 'மகள் மாதிரி' என்கிறாள். அந்த 'மாதிரி' விழுவதற்குத்தான் முழுப் படமும். நடுவில் தாகூரின் 'சண்டாளிகா' நாட்டிய நாடகம் மேடையேறுகிறது. தன் கதையையே வேறொருத்தி ஆடிக் காட்டுவதை சுஜாதா பார்க்கிறாள்.

கடைசியில் சாருவுக்கு ரத்தம் தேவைப்பட, சுஜாதாவின் ரத்தம்தான் சேர்கிறது. இது சினிமாத்தனம் என்று குறை சொல்பவர்கள் உண்டு, குறை நியாயமானதும்கூட. இருந்தாலும் பிறப்பு, தீட்டு என்று படம் முழுக்க வாய்ப்பேச்சாக இருந்த ஒன்றுக்கு உடலால் பதில் சொல்ல வேறு வழி சுலபமில்லை. 1960இல் கான் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவுக்குப் போன படம் இது.

'பந்தினி'யில பாதிப் படம் ஃப்ளாஷ்பேக். நேரா சொல்லியிருந்தா என்ன குறைஞ்சிருக்கும்?

நிறையவே குறைந்திருக்கும். 'பந்தினி' (1963) சிறையில் தொடங்குகிறது. கல்யாணி கொலைக் குற்றவாளி என்பது நமக்கு முதலிலேயே தெரிகிறது. ஏன் என்பது தெரியாது. காசநோய்க்காரிக்குப் பணிவிடை செய்ய அவள் தானாக முன்வருவதையும், சிறை மருத்துவர் தேவேந்திரன் அவளை விரும்புவதையும், அவள் விலகுவதையும் பார்த்த பிறகே அவள் தன் கதையைச் சொல்கிறாள். நேராகச் சொல்லியிருந்தால் 'கொலை செய்வாளா' என்ற பரபரப்பில் உட்கார்ந்திருப்போம். இப்போது 'இப்படிப்பட்டவள் எப்படிச் செய்தாள்' என்று கேட்டபடி உட்கார்ந்திருக்கிறோம்.

கொலைக் காட்சியை ஒலியோடு சேர்த்துப் பாருங்கள். வெளியே இரும்பை அடிக்கும் சத்தம், வெல்டிங் பொறியின் வெளிச்சம் கல்யாணியாக நடித்த நூதனின் முகத்தில் விட்டுவிட்டு விழுகிறது. மனதுக்குள் நடப்பதைப் பேசியோ பாடியோ சொல்லவில்லை. எழுத்து, ஒளிப்பதிவு, ஒலிப்பதிவு மூன்றும் சேர்ந்த இடம் இது. யாருக்கு எவ்வளவு பங்கு என்று கோடு கிழிக்க முடியாது.

இன்னொன்று: கல்யாணி காதலித்த விடுதலைப் போராளி விகாஷ் ஏன் வேறொருத்தியை மணந்தான் என்ற காரணம் கல்யாணிக்குத் தெரியும்போதுதான் நமக்கும் தெரிகிறது, அதுவும் கடைசிப் படித்துறையில். ஒரு பக்கம் ரயில், அதில் போனால் தேவேந்திரன். இன்னொரு பக்கம் ஸ்டீமர், அதில் நோயாளியாகிவிட்ட விகாஷ். காரணத்தை அரை மணி நேரம் முன்னால் சொல்லியிருந்தால் அவள் ஓடும் ஓட்டம் வெறும் முடிவு அறிவிப்பாகியிருக்கும். அவள் விகாஷைத் தேர்ந்தெடுத்தது சரியா என்று இன்றைக்கும் சண்டை போடலாம். அந்த நிமிடத்தில் அவள் யோசிக்க நேரமில்லாதபடி எழுதியிருப்பதில் குறை காண்பது கடினம்.

'தீஸ்ரி கசம்' கதை ரேணு, வசனமும் ரேணு. அப்புறம் இவருக்கு அதுல என்ன வேலை?

நல்ல கேள்வி, ஏனென்றால் மூன்றாவது கேள்வியில் சொன்ன வேலைப் பிரிப்பைச் சோதித்துப் பார்க்க இதுவே சரியான படம். ஃபணீஷ்வர்நாத் ரேணுவின் சிறுகதையில் வண்டிக்காரன் ஹீராமனுக்கு முதுகு குறுகுறுக்கிறது. வண்டியில் நௌடங்கி என்ற நாட்டுப்புற நாடகத்தின் ஆட்டக்காரி ஹீராபாய் உட்கார்ந்திருக்கிறாள். அவன் ஏற்கெனவே செய்த இரண்டு சத்தியங்கள், அதாவது கடத்தல் சரக்கு ஏற்றமாட்டேன், மூங்கில் ஏற்றமாட்டேன் என்பவை, நினைவாக வந்து போகின்றன. சிறுகதைக்கு அது போதும்.

படத்தில் அந்தச் சம்பவங்கள் கண்முன் நடக்கின்றன. ஹீராபாய் வண்டியில் ஏறும்போதே, இந்த மனிதன் அடிபட்டால் சத்தியம் செய்துகொள்பவன் என்பது நமக்குப் பழகிவிட்டது. அதனால் கடைசியான மூன்றாவது சத்தியத்தை (படத்தின் பெயரே அதுதான்) அவன் வாய்விட்டு விளக்க வேண்டியதில்லை. ஹீராபாயின் மேல் கண் வைக்கும் ஜமீன்தாருக்கும் படத்தில் இடம் பெரிதாகிறது. இரண்டு பேரும் பிரிவதற்கு வெளியிலிருந்து ஒரு நெருக்கடி கிடைக்கிறது. இதைச் சேர்த்ததில் கதையின் மென்மை கொஞ்சம் குறைந்தது என்பது எங்கள் கருத்து. ஆனால் இது இல்லாமல் ஒரு சிறுகதை இரண்டரை மணி நேரம் தாங்காது.

இருவரையும் சேர்த்துவைத்து முடிக்கச் சொல்லி வந்த நெருக்கடிக்குத் தயாரிப்பாளர் சைலேந்திரா இணங்கவில்லை. வெளியானபோது படம் ஓடவில்லை. 1966 டிசம்பரில் அவர் காலமானார். அந்த ஆண்டின் சிறந்த படத்துக்கான தேசிய விருது பிறகுதான் வந்தது.

இவ்வளவு பெரிய படங்கள் எழுதியும் அவார்டு ஏன் அதிகம் இல்லை?

கொடுக்கப் பிரிவே இல்லாததுதான் காரணம். ஃபிலிம்ஃபேரில் சிறந்த கதைக்கு விருது 1950களிலேயே இருந்தது, வசனத்துக்கும் வந்துவிட்டது. திரைக்கதைக்குத் தனிப் பிரிவு 1969இல்தான். அதனால் 'சுஜாதா'வுக்குக் கதை விருது சுபோத் கோஷுக்கும், 'பந்தினி'க்குக் கதை விருது ஜராசந்தருக்கும் போனது. நடுவில் இருந்தவருக்கு ஒன்றுமில்லை.

1969இல் அந்தப் பிரிவின் முதல் விருது நபேந்துவுக்கே கிடைத்தது. படம் 'மஜ்லி தீதி', சரத்சந்திரரின் கதை, இயக்கம் ரிஷிகேஷ் முகர்ஜி. அனாதைச் சிறுவன் ஒருவனுக்காக ஒரு கூட்டுக் குடும்பத்தின் இரண்டு மருமகள்கள் மோதும் கதை. அவருடைய சிறந்த வேலை இதுதானா என்றால், 'பந்தினி'யைப் பார்த்தவர்கள் தயங்குவார்கள்.

'தோ பீகா ஜமீன்', 'மதுமதி' ரெண்டும் இவர் எழுதினதுன்னு சொல்றாங்களே?

இல்லை. இரண்டும் பிமல் ராய் படங்கள் என்பதால் வரும் குழப்பம். 'தோ பீகா ஜமீன்' (1953) கதை சலீல் சௌத்ரி, திரைக்கதை ரிஷிகேஷ் முகர்ஜி. நபேந்து அதில் சின்ன வேடத்தில் தலைகாட்டியிருக்கிறார், அவ்வளவுதான். 'மதுமதி' (1958) கதை ரித்விக் கட்டக், வசனம் ராஜிந்தர் சிங் பேடி.

பிமல் ராய் இறந்த பிறகு இவர் என்ன ஆனார்?

பிமல் ராய் 1966 ஜனவரியில் காலமானார். ரிஷிகேஷ் முகர்ஜியோடு வேலை தொடர்ந்தது; 'அபிமான்' (1973) திரைக்கதையில் மற்றவர்களோடு இவர் பெயரும் உண்டு. துலால் குஹாவின் 'தோ அஞ்சானே' (1976) போன்ற வணிகப் படங்களுக்கும் எழுதினார். புனே திரைப்படக் கல்லூரியில் பாடம் எடுத்தார்.

எழுபதைத் தாண்டிய பிறகு இயக்குநரானார். ஷரதிந்து பந்தோபாத்யாயின் கதையை வைத்து எடுத்த 'த்ரிஷாக்னி' (1988), அறிமுக இயக்குநருக்கான தேசிய விருதைப் பெற்றது. அறிமுகம் என்ற சொல்லைப் பார்த்து அன்றைக்குப் பலர் சிரித்திருப்பார்கள்.

திரைக்கதை கத்துக்கணும். இவர் படத்தை எப்படிப் பார்க்கணும்?

முதலில் 'சுஜாதா' அல்லது 'பந்தினி'யை ஒருமுறை சும்மா பாருங்கள். இரண்டாம் முறை ஒரு நோட்டில் நான்கு கட்டம் போடுங்கள்: காட்சி எண், அது ஓடும் நேரம், அந்தக் காட்சி முடியும்போது நமக்குப் புதிதாகத் தெரிந்தது, அது பேச்சால் தெரிந்ததா படத்தால் தெரிந்ததா. பெரும்பாலோர் மூன்றாவது கட்டத்தில் தவறுவார்கள். கதைச் சுருக்கம் எழுதிவிடுவார்கள். 'கல்யாணி தேநீர் கொண்டு போகிறாள்' என்று எழுதினால் பயனில்லை. 'நோயாளி விகாஷின் மனைவி என்று கல்யாணிக்குத் தெரியும், கல்யாணி யாரென்று நோயாளிக்குத் தெரியாது' என்று எழுத வேண்டும்.

பிறகு சத்தத்தை நிறுத்திவிட்டு ஒரு ரீல் அளவு, பதினோரு நிமிடம், பாருங்கள். எங்கே கதை புரியாமல் போகிறதோ அந்த இடங்கள் வசனகர்த்தாவின் கையில் இருப்பவை. மூல நாவலோடு ஒப்பிட நினைப்பவர்கள் 'தேவதாஸ்' எடுத்துக்கொள்ளலாம். சரத்சந்திரர் தமிழில் நன்றாகவே கிடைக்கிறார்.

பார்க்கும் பிரதியின் நீளத்தைச் சரிபார்த்துவிடுங்கள். தொலைக்காட்சிக்காக வெட்டியவையும் இணையத்தில் சுற்றுகின்றன. இரண்டு மணி பத்து நிமிடத்தில் முடிந்தால் சந்தேகப்படுங்கள். பாட்டை மட்டும்தான் வெட்டியிருப்பார்கள் என்று நம்பவும் வேண்டாம். பேச்சில்லாத காட்சிகளைத்தான் முதலில் வெட்டுவார்கள்.

ஒவ்வொரு பட்டியலும் ஒவ்வொரு மாதிரி சொல்லுது. எதை நம்புறது?

படத்தின் டைட்டில் கார்டை நிறுத்திப் படியுங்கள். இந்தியில் கதை, படகதா, சம்வாத் என்று தனித்தனியே போட்டிருப்பார்கள். நடுவில் வரும் படகதாதான் திரைக்கதை. இணையப் பட்டியல்கள் மூன்றையும் 'எழுத்து' என்ற ஒரே தலைப்பில் கொட்டிவிடுகின்றன. அங்கேதான் சுபோத் கோஷும் நபேந்து கோஷும் இடம் மாறுகிறார்கள். பெயரை நபேந்து, நவேந்து என்று இரண்டு விதமாகவும் எழுதுவதால், தேடும்போது இரண்டையும் போட்டுப் பாருங்கள்.